காப்பிப் பொடி, பதினொரு கிலோ

முதல் வருடம் ரசீதுகளைக்
கருவாட்டுப் பெட்டியில் போட்டுக் கொண்டுவந்தாள்
தெயோலிந்தா குவரெஷ்மா.
போர்ட்டோவில் அந்த வாரம் முழுக்க மழை.
சன்னலைத் திறக்க வழியில்லை.
என் கணக்குப் புத்தகங்கள் எல்லாம் மீன் மணத்தன.

வரவு: இல்லை.
செலவு: பதினாறு மில்லிமீட்டர் பிலிம், நாற்பது சுருள்.
சலவைச் சோடா.
காப்பிப் பொடி, பதினொரு கிலோ.

காப்பிக் கடை வைத்திருக்கிறீர்களா என்றேன்.
இல்லை, பிலிமை அதில்தான் கழுவுகிறேன் என்றாள்.
அப்படியானால் குடிப்பதற்கு?
அது தனி. அந்த ரசீதைக் கொண்டுவரவில்லை.

யோசித்துவிட்டு
'மூலப்பொருள்' என்று எழுதினேன்.

அடுத்த வருடம் எலுமிச்சைக் கன்று ஒன்று, மண்வெட்டி ஒன்று.
ஒரு குளிர்காலம் முழுக்க
மரத்தடியில் ஒரு படத்தைப் புதைத்து வைத்திருந்தாளாம்.
மண் என்ன செய்திருக்கிறது என்று பார்க்க வேண்டுமாம்.
என்ன செய்திருந்தது என்று நான் கேட்கவில்லை.
கன்றுக்குத் தேய்மானம் போடலாமா என்பதுதான்
அன்றைக்கு என் கவலை.

இரவில் பேருந்துப் பணிமனையில் வேலை.
தொலைந்த பொருட்களின் அறை.
குடைகளும் ஒற்றைக் கையுறைகளும்
அவளுக்குச் சோறு போட்டன.
படங்கள் தின்றன.

எஸ்குதோ போய் யூரோ வந்தது.
சுழியம் சுழியமாகவே மாறியது.
அந்த ஒரு வரவை மாற்ற மட்டும்
எனக்குக் கணக்குப்பொறி தேவைப்படவில்லை.

வரி அலுவலகத்து அப்ராந்தெஸ் கூப்பிட்டுவிட்டார்:
இத்தனை வருடம் நட்டம் என்றால் இது தொழில் இல்லை ஐயா,
பொழுதுபோக்கு.
பொழுதுபோக்கு என்றால்
பொழுது கொஞ்சமாவது மிஞ்ச வேண்டுமே என்றேன்.
சிரித்தார். அபராதத்தைக் குறைக்கவில்லை.

இரண்டாயிரத்து ஒன்பது, மார்ச்.
லுவாண்டாவுக்கு விமானச் சீட்டு, போக வர.
கறுப்பு உடை ஒன்று.
இரண்டு ரசீதின் முதுகிலும் பென்சிலில்
'படத்துக்காக.'

அடித்துவிட்டேன்.
உடை சொந்தச் செலவு, பயணமும் சொந்தச் செலவு,
அவளிடம் அப்படித்தான் சொன்னேன்.
அவள் மறுக்கவில்லை.
மழைக்கோட்டின் பொத்தானைப் போட்டுக்கொண்டு போனாள்.

அவள் படம் எதையும்
நான் பார்த்ததில்லை.
பார்த்தால் கணக்கில் இரக்கம் புகுந்துவிடும்.
ஒரு முறை மட்டும்,
என் மனைவி ஊரில் இல்லாத ஒரு வியாழக்கிழமை, போனேன்.
பழைய ஐஸ் தொழிற்சாலையில் நாற்காலி போட்டிருந்தார்கள்.
பதினான்கு பேர். அதில் ஒருவர் மழைக்கு ஒதுங்கியவர்.

படம் இதுதான்:
ஆற்றங்கரைச் சுவரில் ஒரே இடம்.
தண்ணீர் ஏறும், இறங்கும், பாசி பிடிக்கும்.
நாளுக்கு ஒரு சட்டகம்.
பத்தொன்பது வருடம்.
இருட்டில் மனம் தானாகவே போட்டது கணக்கை:
ஆறாயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பது சட்டகம்,
விநாடிக்கு இருபத்து நான்கு,
நான்கு நிமிடம் நாற்பத்தொன்பது விநாடி.

பாதி தாண்டியதும்
திரை கறுத்தது.
அரை விநாடிகூட இராது.
முன்வரிசைப் பையன்
புரொஜெக்டரைத் திரும்பிப் பார்த்தான்.

பதினொரு சட்டகம்.
போன தேதியும் வந்த தேதியும்
அந்தச் சீட்டில் இருந்தன.
அங்கே யாரைப் புதைத்தாள் என்று எனக்குத் தெரியாது.
அங்கிருந்த பதினான்கு பேரில்
அந்தக் கறுப்பின் விலை தெரிந்தவன் நான் ஒருவன்.
நூற்று இருபத்து மூன்று யூரோ, வரி உட்பட.

வெளியே வந்தபோது கதவருகே நின்றிருந்தாள்.
ஏதாவது சொல்ல வேண்டும்.
'இரண்டாயிரத்து ஒன்பதைத் திருத்தித் தாக்கல் செய்ய
இப்போது காலம் கடந்துவிட்டது' என்றேன்.
'தெரியும்' என்றாள்.
மழைக்கு ஒதுங்கியவர் தீப்பெட்டி கேட்டார்.

இந்த வருடமும் பெட்டி வந்திருக்கிறது.
காப்பி இல்லை.
தேயிலை, நான்கு கிலோ.
கடற்பாசி, ஒரு சாக்கு.